நட்பென்னும் திரை: சொல்லப்படாக் காதலின் நகைச்சுவையும் ஜேன் ஆஸ்டினின் வாழ்வும்

ஆய்வுச் சுருக்கம்

நெருங்கிப் பழகும் நண்பர் இருவரிடையே முகிழ்த்த காதல் சொல்லப்படாமல் நிற்பதும், சிலவேளை அவர்களாலேயே அறியப்படாமல் நிற்பதும் நகைச்சுவை இலக்கியத்தின் தொன்மையான கதைப்பொருள்களுள் ஒன்று. புதின வடிவில் இப்பொருளை நிலைபெறச் செய்தவர் ஆங்கில எழுத்தாளர் ஜேன் ஆஸ்டின் (1775–1817). அவர் வாழ்வில் கைகூடாமற்போன காதலே அவருடைய நகைச்சுவைக்கு ஊற்று என்னும் பரவலான கருத்தை, எஞ்சியுள்ள கடிதங்கள், கையெழுத்துப்படி, குடும்பத்தார் நினைவுரைகள் ஆகியவற்றின் துணைகொண்டு இக்கட்டுரை மறுபார்வைக்கு உட்படுத்துகிறது. எம்மா, பெர்சுவேஷன் ஆகிய இரு புதினங்கள் சிறப்பாக நோக்கப்படுகின்றன.

திறவுச்சொற்கள்: ஜேன் ஆஸ்டின், எம்மா, நட்பு, சொல்லாக் காதல், நகை, சிறைப்புறம், வாழ்க்கை வரலாறு

முன்னுரை

காதலர் இருவரையும் காதலர் என்று அவர்களைத் தவிர மற்றெல்லாரும் அறிந்திருத்தல் என்பது நாடக மேடைக்குப் பழக்கமான உத்தி. ஷேக்ஸ்பியரின் மச் அடூ அபௌட் நத்திங் நாடகத்தில் ஓயாது சொற்போரிடும் இருவரை நண்பர் கூட்டம் சூழ்ச்சி செய்து இணைக்கிறது. பிரெஞ்சு நாடகாசிரியர் மாரிவோ 1727இல் அரங்கேற்றிய காதலின் இரண்டாம் வியப்பு என்னும் நாடகத்தில், துயருற்ற ஆணும் பெண்ணும் தம் உறவுக்கு நட்பு என்று பெயரிட்டு, அப்பெயருக்குள் ஒளிந்துகொள்கின்றனர். இவ்விரண்டிலும் உண்மையை வெளிக்கொணரச் சூழ்ச்சியாளரோ பணியாளரோ வெளியாரோ தேவைப்படுகின்றனர். ஆஸ்டின் செய்த மாற்றம் சிறிதாகத் தோன்றினும் பெரிது. அவர் சூழ்ச்சியாளரையே தலைவியாக்கினார். பிறர் காதலையெல்லாம் கணித்துச் சொல்லும் பெண் தன் காதலை மட்டும் அறியாதிருக்கிறாள். 1995இல் வெளிவந்த க்ளூலெஸ் திரைப்படம் எம்மாவின் கதையை லாஸ் ஏஞ்சலஸ் நகரப் பள்ளிச் சூழலுக்கு மாற்றியது. நட்பு காதலாவதைச் சொல்லும் இற்றை நகைச்சுவைப் படங்கள் பலவற்றின் அடியிலும் இவ்வமைப்பைக் காணலாம். தமிழ்ப் பார்வையாளர் ஆஸ்டினை முதன்மையாக அறிந்தது வேறொரு புதினத்தின் வழி. சென்ஸ் அண்ட் சென்சிபிலிட்டி 2000ஆம் ஆண்டில் கண்டுகொண்டேன் கண்டுகொண்டேன் என்னும் திரைப்படமாயிற்று.

பெண்பாற் புலவரின் பாடல்களிலிருந்தே அவர் வாழ்க்கையை வருவித்துக்கொள்ளும் வழக்கம் தமிழாய்வுலகிற்குப் புதிதன்று. வெள்ளிவீதியாரை எண்ணினால் போதும். ஆஸ்டினுக்கும் இதுவே நேர்ந்தது. திருமணம் செய்துகொள்ளாத ஒரு பெண் காதலைப் பற்றி இத்துணை நுட்பமாக எழுதியிருத்தல் எங்ஙனம் என்ற வினாவுக்கு, அவர் உள்ளத்தில் ஓர் ஆடவன் இருந்திருக்க வேண்டும் என்ற விடையே விரும்பப்பட்டது. ஆண் எழுத்தாளரிடம் இவ்வினா இவ்வளவு விரைவாக எழுப்பப்படுவதில்லை.

கடலூரும் ஸ்டீவன்டனும்

ஜேன் ஆஸ்டின் 1775 டிசம்பர் 16 அன்று இங்கிலாந்தின் ஹாம்ப்ஷயர் பகுதியிலுள்ள ஸ்டீவன்டன் என்னும் சிற்றூரில் பிறந்தார். தந்தை ஜார்ஜ் ஆஸ்டின் அவ்வூர்த் திருச்சபையின் குரு. பிள்ளைகள் எண்மர், பெண்கள் இருவர். மூத்தவர் கசாண்ட்ரா, இளையவர் ஜேன். குருவின் வருவாய் போதாமையால் தந்தை தம் இல்லத்திலேயே மாணவரைத் தங்கவைத்துப் பயிற்றுவித்தார்.

இக்குடும்பத்திற்குத் தமிழ்நிலத்தோடு ஒரு தொடர்பு உண்டு. ஜார்ஜ் ஆஸ்டினின் தமக்கை பிலடெல்பியா, பெற்றோரை இழந்து பொருளற்ற நிலையில், 1752இல் கப்பலேறிச் சென்னைக்கு வந்தார். அடுத்த ஆண்டு பிப்ரவரியில் கடலூரில், புனித டேவிட் கோட்டையில் கிழக்கிந்தியக் கம்பெனியின் மருத்துவராகப் பணியாற்றிய டைசோ சால் ஹான்காக்கை மணந்தார். வந்திறங்கிய ஆறேழு மாதங்களுக்குள் நிகழ்ந்த மணம் அது. பொருளற்ற ஆங்கிலப் பெண்கள் கணவரைத் தேடிக் கடல் கடந்து அனுப்பப்பட்டது அக்கால வழக்கம். ஜேன் தம் பதினாறாம் வயதில், 1792இல், எழுதத் தொடங்கி முடிக்காமல் விட்ட கேத்தரின் என்னும் கதையில், விருப்பமின்றி வங்காளத்திற்கு அனுப்பப்பட்டு மணம் முடிக்கப்பட்ட ஒரு பெண் இடம்பெறுகிறாள். அத்தையின் வாழ்க்கை அச்சிறுமியின் நினைவில் எவ்வாறு பதிந்திருந்தது என்பதற்கு இஃது ஒரு தடயம். காதலின்றி நிகழும் மணம் என்பது ஆஸ்டினுக்கு நூல்வழி அறிந்த பொருளன்று, குடும்பச் செய்தி.

பிலடெல்பியாவின் மகள் எலைசா பிரெஞ்சுப் பிரபு ஒருவரை மணந்தவர். 1787 கிறிஸ்துமஸ் காலத்தில் ஸ்டீவன்டனுக்கு வந்து குடும்ப நாடகங்களில் தலைமைப் பங்கேற்று நடித்தார். அவ்வீட்டில் ஷெரிடனின் தி ரைவல்ஸ், சூசன்னா சென்ட்லிவரின் தி வொண்டர் போன்ற நகைச்சுவை நாடகங்கள் நடிக்கப்பட்டன. பின்னது, தோழியின் மறைபொருளைக் காப்பதற்காகக் காதலனின் ஐயத்திற்கு ஆளாகும் பெண்ணின் கதை. அப்போது பன்னிரண்டு வயதை எட்டிய ஜேன், சொல்லாமையால் விளையும் சிக்கல் அரங்கில் எவ்வாறு நகையாகிறது என்பதை அருகிருந்து கண்டார். நாடகப் பயிற்சியின் தடம் பின்னாளைய உரையாடல்களில் தெளிவாகத் தெரிகிறது.

இருபது வயது

1795 இறுதியில் டாம் லெஃப்ராய் என்னும் அயர்லாந்து இளைஞர் அண்டை ஊரிலுள்ள தம் உறவினர் இல்லத்திற்கு வந்தார். நடன நிகழ்ச்சிகள் சிலவற்றில் இருவரும் சேர்ந்து ஆடினர். எஞ்சியுள்ள ஆஸ்டின் கடிதங்களுள் மிகப் பழையது 1796 ஜனவரியில் கசாண்ட்ராவுக்கு எழுதப்பட்டது. அதில் இச்செய்தி விளையாட்டுத் தொனியில் பேசப்படுகிறது. சில வாரங்களில் இளைஞர் ஊரைவிட்டு அனுப்பப்பட்டார். பெருங்குடும்பத்தின் எதிர்பார்ப்புகளைச் சுமந்தவர் பொருளற்ற குருவின் மகளை மணத்தல் இயலாது என்பதை அனைவரும் அறிவர். அவர் பின்னர் அயர்லாந்தின் தலைமை நீதிபதியானார். முதுமையில் தம் இளமைக்கால விருப்பத்தை உறவினர் ஒருவரிடம் ஒப்புக்கொண்டார் என்பர்.

திரைப்படங்களும் மக்கள் விரும்பும் வரலாறுகளும் இந்நிகழ்ச்சியின்மீதே தம் மாளிகையை எழுப்பியுள்ளன. ஆனால் ஆதாரம் சில கடிதங்களில் வரும் சில வரிகளே. அவ்வரிகளின் கேலியை நெஞ்சின் துயரை மறைக்கும் திரை என்று படிக்கலாம். கேலி என்றே படிக்கவும் தடையில்லை. இரண்டிற்கும் இடங்கொடுக்கும் மொழியை இருபது வயதிலேயே அவர் கையாண்டிருக்கிறார் என்பதே இலக்கிய ஆய்வுக்குப் பயன்படும் செய்தி.

இதனினும் ஆழமாக அவ்வீட்டைத் தாக்கியது கசாண்ட்ராவின் இழப்பு. டாம் ஃபௌல் அவர்கள் தந்தையிடம் அவ்வில்லத்திலேயே தங்கிப் பயின்ற மாணவர். உடன் வளர்ந்த நட்பு காதலாகி, மணவுறுதியும் நிகழ்ந்தது. பொருள் ஈட்டும் பொருட்டு மேற்கிந்தியத் தீவுகளுக்குச் சென்றவர் 1797இல் மஞ்சட்காய்ச்சலால் அங்கேயே இறந்தார். கசாண்ட்ரா பின்னர் மணம் செய்துகொள்ளவில்லை. நட்பே காதலாக முதிர்ந்த வாழ்க்கை எவ்வாறிருக்கும் என்பதைத் தங்கை நேரில் கண்டது தமக்கையிடத்தில்தான். இவ்வுண்மைக்கு வாழ்க்கை வரலாற்றாளர் பலர் தரும் இடம், சில வார நடனத்திற்குத் தரும் இடத்தைவிடக் குறைவு.

மேனிடவுன்: நண்பர் வீட்டு மணப்பேச்சு

1801இல் தந்தை பணியிலிருந்து விலகிக் குடும்பத்தோடு பாத் நகரில் குடியேறினார். மறு ஆண்டு ஜேனும் கசாண்ட்ராவும் ஸ்டீவன்டனுக்கு அருகிலிருந்த மேனிடவுன் மாளிகைக்கு விருந்தினராகச் சென்றனர். அம்மாளிகையின் மகளிர் அவர்களுடைய நெடுநாள் தோழியர். அத்தோழியரின் தம்பி ஹாரிஸ் பிக்-விதர் 21 வயதினர்; அப்பெருஞ்செல்வத்திற்கு வாரிசு. டிசம்பர் 2 மாலை அவர் ஜேனிடம் மணம் வேண்டினார். ஜேன் இசைந்தார். மறுநாட் காலை அவ்விசைவைத் திரும்பப் பெற்றுக்கொண்டு, சகோதரியர் இருவரும் வண்டியேறிப் புறப்பட்டனர்.

இங்குச் சற்று நிற்க வேண்டும். ஜேனுக்கு அப்போது 27 வயது நிறைவதற்குச் சில நாள்களே இருந்தன. தமக்கென வருவாய் ஏதுமில்லை. அச்சேறிய நூல் ஒன்றுமில்லை. முதற்புதினம் ஒன்றைத் தந்தை 1797இல் பதிப்பாளர் ஒருவருக்குத் தெரிவித்தபோது அவர் பார்க்கவும் மறுத்துவிட்டார். தந்தைக்குப்பின் தாயும் இரு பெண்களும் சகோதரர் கையை எதிர்நோக்க வேண்டியவர்கள். மணந்திருந்தால் தாய்க்கும் தமக்கைக்கும் உறைவிடம் உறுதியாகியிருக்கும், தோழியரே நாத்தனாராகியிருப்பர். அறிமுகமில்லாதவரை மறுப்பதைப்போன்றதன்று இது. இளமையிலிருந்து அறிந்த வீட்டை, விரும்பிய தோழியரை, பாதுகாப்பை ஒருங்கே மறுத்தல். நட்புறவின் வழியே வந்த மணவாழ்வு ஆஸ்டினுக்குக் கிடைக்காமற்போகவில்லை. அது வாயில்வரை வந்தது. அவரே கதவை அடைத்தார். கிட்டாக் காதலை எழுத்தில் ஈடுசெய்துகொண்ட பெண் என்ற படிமம் இவ்விடத்தில் நிலைகுலைகிறது. காதலில்லாத நட்பு மணத்திற்குப் போதுமா என்ற வினாவைத் தம் வாழ்க்கையையே பணயமாக வைத்து ஓர் இரவுக்குள் விடுத்தவர் அவர்.

அவ்விரவில் அவர் எண்ணியது யாது என்பதற்குச் சான்றில்லை. 1801 மே மாதத்திற்கும் 1804 செப்டம்பருக்கும் இடைப்பட்ட காலத்துக் கடிதம் ஒன்றும் இன்று இல்லை. செய்தி குடும்பத்தார் நினைவுரைகளின் வழியே வந்தது. கடற்கரையூர் ஒன்றில் ஜேனைக் கண்டு விரும்பிய ஒருவர் பின்னர் இறந்துபோனார் என்று கசாண்ட்ரா முதுமையில் மருமகளிடம் கூறியதாகவும் ஒரு செய்தி உண்டு. பெயரும் நாளும் அற்ற அச்செய்தியின்மீது எதையும் நிறுவுதல் தகாது.

1804 டிசம்பர் 16, ஜேனின் பிறந்தநாளன்று, அவரினும் வயதில் மிக மூத்த தோழியான லெஃப்ராய் அம்மையார் குதிரையிலிருந்து வீழ்ந்து இறந்தார். மறுமாதம் தந்தையும் மறைந்தார். அடுத்த நான்கு ஆண்டுகள் வாடகை வீடுகளிலும் உறவினர் இல்லங்களிலுமாகக் கழிந்தன. எழுத்து ஏறத்தாழ நின்றுபோயிற்று.

சாட்டன் இல்லம்

செல்வர் வீட்டிற்குத் தத்துச் சென்ற சகோதரர் எட்வர்டு 1809இல் சாட்டன் ஊரில் ஒரு வீட்டை அளித்தார். தாய், மகளிர் இருவர், தோழி மார்த்தா லாய்டு என நான்கு பெண்கள் அங்கு வாழ்ந்தனர். சமையல் மேற்பார்வையைக் கசாண்ட்ராவும் மார்த்தாவும் ஏற்க, காலையுணவும் தேயிலை, சர்க்கரைப் பெட்டிகளின் சாவியும் மட்டும் ஜேனின் பொறுப்பாயின. எஞ்சிய பொழுது எழுத்துக்கு ஒழிந்தது. கதவின் கிரீச்சொலி வருவோரை அறிவித்ததால் அதைச் சரிசெய்ய வேண்டாமென்று அவர் தடுத்தார் என்பது மருமகன் ஜேம்ஸ் எட்வர்டு ஆஸ்டின்-லீ பின்னர் எழுதிய நினைவு நூல் தரும் செய்தி. அந்நூல் அத்தையை அடக்கமே உருவான இல்லத்தரசியாகக் காட்ட விழைவது. ஆதலின் அதைப் படிப்பதில் எச்சரிக்கை தேவை. பதிப்பாளர் ஜான் மர்ரே மூன்று புதினங்களின் உரிமைக்கு 450 பவுண்டு தர முன்வந்தபோது அதை மறுத்து, ஆதாய நட்டத்தைத் தாமே ஏற்றுப் பதிப்பித்தவர் இவ்வடக்கமான அத்தையே.

சென்ஸ் அண்ட் சென்சிபிலிட்டி 1811இலும், பிரைட் அண்ட் பிரெஜுடிஸ் 1813இலும், மேன்ஸ்ஃபீல்டு பார்க் 1814இலும் ஆசிரியர் பெயரின்றி வெளிவந்தன. மூன்றாவதில் உடன் வளர்ந்த எட்மண்டின்மீது ஃபேனி கொண்ட காதல் கடைசி இயல்வரை சொல்லப்படுவதேயில்லை. ஒருதலைக் காமமாகிய கைக்கிளையை அது நினைவூட்டினும், அங்கு நகை குறைவு, வருத்தம் மிகுதி. அதே பொருளை நகையாக்கும் வழி அடுத்த புதினத்தில் வாய்த்தது.

எம்மா

1814 ஜனவரி 21 அன்று தொடங்கி 1815 மார்ச் 29 அன்று எம்மா எழுதி முடிக்கப்பட்டது. இம்மாதங்களில் நிகழ்ந்த ஒரு கடிதப் போக்குவரத்து போதிய கவனம் பெறாதது. எட்வர்டின் மகள் ஃபேனி நைட் தம்மை விரும்பிய இளைஞர் ஒருவரை ஏற்பதா மறுப்பதா என்று 1814 நவம்பரில் அத்தையிடம் அறிவுரை கேட்டார். ஆஸ்டின் முதலில் இளைஞரின் நற்பண்புகளை எடுத்துரைத்து, அதே கடிதத்திலேயே திசைமாறி, அன்பின்றி மணத்தலினும் வேறெதுவும் பொறுக்கத்தக்கது என்ற கருத்துக்கு வருகிறார். அம்மாத இறுதிக் கடிதத்தில், மருமகள் தம் சொல்லையே முடிவாகக் கொள்வாரோ என்று அஞ்சி, அவரவர் உள்ளமே தீர்மானிக்க வேண்டும் என்று வற்புறுத்துகிறார். புதினத்திலோ எம்மா, தோழி ஹேரியட்டுக்கு உழவர் ராபர்ட் மார்ட்டின் மணம் வேண்டி எழுதியபோது, தான் அறிவுரையே கூறப்போவதில்லை என்று சொல்லிக்கொண்டு, மறுப்புக் கடிதத்தைச் சொல் சொல்லாக எழுதுவித்துவிடுகிறாள். ஒன்றிலிருந்து மற்றது பிறந்தது என நிறுவ இயலாது. ஆனால் பிறர் காதலில் கைவைப்பதன் இடரை ஆசிரியர் தம்மளவிலும் உணர்ந்திருந்த காலத்தில் அப்பாத்திரம் உருப்பெற்றது என்பது உறுதி. எம்மாவை எள்ளும் நகையில் தன்னெள்ளலும் கலந்திருக்கிறது.

எம்மா உட்ஹவுஸ் ஏறத்தாழ 21 வயதுச் செல்வப்பெண். நோய்க்கு அஞ்சும் தந்தையைப் பேணி மணமின்றியே வாழ்வதென்று உறுதிகொண்டவள். அவள் தமக்கை கணவரின் அண்ணன் நைட்லி, அவளினும் பதினாறு வயது மூத்தவர். ஒரு கல் தொலைவிலிருந்து நாள்தோறும் வந்து பேசி, பிழை கண்டால் கடிந்துகொள்ளும் நண்பர். இவ்வுறவு காதல் என்பதை இருவரும் அறியார். கதைசொல்லியும் சொல்வதில்லை. படர்க்கைக் கூற்றுக்குள்ளேயே எம்மாவின் நினைவோட்டத்தைக் கலந்துவிடும் நடையால், அவள் பிழைபடக் கண்டதையே வாசகரும் காண்கின்றனர். நைட்லியின் உள்ளமோ புறக்குறிகளால் மட்டும் புலப்படுகிறது. நேரில் கண்டறியாத ஃபிராங்க் சர்ச்சில் என்னும் இளைஞர்மீது நடுநிலை தவறாத நைட்லி காரணமற்ற வெறுப்புக் கொள்கிறார். காரணம் வாசகருக்கு மெல்லத் தெரிகிறது. அவருக்கே அது பிந்தித்தான் தெரிகிறது.

எம்மாவின் பக்கத்துக் குறி இன்னும் சுவையானது. நைட்லி ஜேன் ஃபேர்ஃபேக்ஸை விரும்பக்கூடும் என்று வெஸ்டன் அம்மையார் சொன்னதும் எம்மா பதறுகிறாள். பதற்றத்திற்கு அவள் காட்டும் காரணம், நைட்லி மணந்தால் தன் தமக்கை மகன் சிறுவன் ஹென்றிக்கு டான்வெல் நிலவுடைமை கிடைக்காமற் போகுமே என்பது. சொத்துரிமையைப் பற்றி அவள் இவ்வளவு கவலைப்பட்டது அதற்கு முன்னுமில்லை, பின்னுமில்லை. கதையிறுதியில் தானே நைட்லியை மணக்கவிருக்கும்போது சிறுவன் ஹென்றியின் உரிமை நினைவுக்கே வராததை எண்ணி அவளே நகைத்துக்கொள்கிறாள். நகை பிறக்கும் களங்களாகத் தொல்காப்பிய மெய்ப்பாட்டியல் வகுக்கும் எள்ளல், இளமை, பேதைமை, மடன் ஆகிய நான்கனுள் பேதைமை அறிவுடையாரிடத்தும் தோன்றக்கூடும் என்பதற்கு இதனினும் பொருத்தமான சான்று அரிது.

நகையோடு நின்றிருப்பின் எம்மா நல்ல விளையாட்டாக முடிந்திருக்கும். பாக்ஸ் ஹில் உலாவில் ஏழ்மையுற்ற முதுகன்னி பேட்ஸை எம்மா பலர்முன் எள்ளி நகையாடுகிறாள். நைட்லி தனியே கடிகிறார். செல்வமும் இளமையும் உள்ள ஒருத்தி, வறுமையில் முதுமையடைந்துவரும் ஒருத்தியை நோகச் செய்தது அவர் பொறுக்க முடியாத குற்றம். மணமின்றி, வருவாயின்றிச் சகோதரர் அளித்த வீட்டில் வாழ்ந்துவந்த ஆசிரியருக்குப் பேட்ஸின் நிலை அயலாருடையது அன்று. தம் நிலையிலுள்ள பெண்ணைத் தம் தலைவியே எள்ளுமாறு எழுதி, அவ்வெள்ளலைக் கண்டிக்கும் உரிமையை நண்பருக்கே அளித்தார். அன்புரை கூறாத நைட்லியின் காதல் அக்கண்டிப்பில்தான் முழுமையாக வெளிப்படுகிறது. எம்மா வண்டியில் வீடு திரும்பும் வழியெல்லாம் அழுகிறாள்.

பின்னர் ஹேரியட் தான் நைட்லியை விரும்புவதாகச் சொன்ன கணத்தில் எம்மா தன்னை அறிகிறாள். மறுநாள் மழை ஓய்ந்த தோட்டத்தில் நைட்லி ஏதோ சொல்ல வாயெடுக்கிறார். ஹேரியட்டைப் பற்றியே சொல்லப்போகிறார் என்றஞ்சி எம்மா தடுத்துவிடுகிறாள். சில அடிகள் நடந்தபின், அவருக்குத் தான் வலி தந்துவிட்டதை எண்ணி, தனக்கு என்ன நேரினும் நண்பராக அவர் சொல்வதைக் கேட்பதே கடன் என்று துணிந்து, அவரைப் பேசுமாறு வேண்டுகிறாள். தன் காதலுக்கு இறுதி என்று நினைத்துக்கொண்டே நட்புக்காகச் செவிகொடுக்கிறாள். அச்செவியில் விழுவது அவளுக்குரிய காதல். இதுவரை காதலை மறைத்த திரையாக இருந்த நட்பு இங்கே அதன் வாயிலாகிறது. எம்மா நட்பில் தவறியிருந்தால் அம்மொழி சொல்லப்படாமலேயே போயிருக்கும். அவள் அளித்த மறுமொழியையோ ஆசிரியர் தரவில்லை. ஒரு பெண் எது சொல்லத்தகுமோ அதைச் சொன்னாள் என்ற அளவில் ஒதுங்கிக்கொள்கிறார். காதற் கதையின் உச்சத்தில் காதல் மொழியை மறைத்த துணிவு வியப்பிற்குரியது. மணத்திற்குத் தந்தையின் இசைவைப் பெற்றுத்தந்தவர்களோ அண்டை வீட்டு வான்கோழிகளைத் திருடிய கள்வர். திருட்டுக்கு அஞ்சிய முதியவர், வீட்டில் வலிய மருகர் ஒருவர் இருப்பது நன்றென்று உடன்படுகிறார்.

இந்நூல் 1815 டிசம்பரில் 2000 படிகளாக, இளவரசர் ஆட்சியாளருக்கு உரிமையாக்கப்பெற்று வெளிவந்தது. ஆஸ்டினுக்கு அவர்மீது மதிப்பில்லை; அரண்மனை நூலகர் குறிப்பாகத் தெரிவித்ததால் வேறு வழியின்றிப் போயிற்று. வால்டர் ஸ்காட் பெயர் குறிப்பிடாது எழுதிய மதிப்புரை, அன்றாட வாழ்வை உள்ளவாறே தீட்டும் திறத்தைப் பாராட்டியது. ஆஸ்டின் தம் சுற்றத்தாரின் கருத்துகளையும் திரட்டி எழுதிவைத்தார். கப்பற்படையிலிருந்த தம்பி சார்ல்ஸ் கடற்பயணத்தில் மும்முறை படித்தார். பின்னாளில் கடற்படைத் தளபதியாக 1852இல் பர்மாவில் இறந்து, திருகோணமலையில் அடக்கம் செய்யப்பட்டவர் இவரே. எட்வர்டு இல்லத்தில் முன்பு வீட்டாசிரியையாக இருந்த தோழி ஆன் ஷார்ப்புக்கு ஆசிரியர் தம் படிகளுள் ஒன்றை அளித்தார். ஆன் ஷார்ப் நைட்லியை மெச்சினார். ஆனால் வீட்டாசிரியையாகும் விளிம்பில் நின்று மணத்தால் தப்பும் ஜேன் ஃபேர்ஃபேக்ஸின் பாத்திரம் அவருக்கு நிறைவளிக்கவில்லை. அப்பணியின் உண்மையை அறிந்தவரின் கருத்து அது. அதையும் ஆஸ்டின் மறைக்காமல் பதிந்துவைத்தார்.

திருத்தப்பட்ட இயல்கள்

அடுத்து எழுதப்பட்ட பெர்சுவேஷனில் ஆனும் வென்ட்வொர்த்தும் எட்டாண்டுகளுக்கு முன் பிரிந்தவர்கள். மீண்டும் ஒரே கூட்டத்தில் பழக நேர்ந்தும் உள்ளத்தைச் சொல்ல இயலாதவர்கள். முதல் வடிவம் 1816 ஜூலை 18 அன்று முடிந்தது. அதில் வென்ட்வொர்த், ஆன் வேறொருவரை மணக்கவிருக்கிறாரா என்று தம் மைத்துனரின் பொருட்டு நேரில் கேட்க, மறுப்பு வர, இருவரும் இணைகின்றனர். ஆஸ்டினுக்கு இது நிறைவளிக்கவில்லை. ஆகஸ்டு 6க்குள் அப்பகுதியைப் புதிதாக எழுதினார். தள்ளப்பட்ட இயல்களின் கையெழுத்துப்படி இன்றும் உள்ளது. அவர் நிறைவு செய்த புதினங்களுள் அவர் கைப்படவே எஞ்சியிருப்பது இதுவொன்றே.

புதிய வடிவில், விடுதி அறையொன்றில் ஆன் தம் நண்பர் ஹார்வில்லோடு, மறவாமையில் ஆணோ பெண்ணோ மிக்கவர் என்று பொதுவாக உரையாடுகிறார். அருகே எழுதிக்கொண்டிருக்கும் வென்ட்வொர்த்தின் காதில் அது விழுகிறது. அவர் கடிதத்தால் விடை தருகிறார். தலைவன் சிறைப்புறத்தானாக நிற்கத் தோழியிடம் தலைவி உரைக்கும் அகத்துறையை அறிந்த தமிழ் வாசகருக்கு இவ்வமைப்பு அயலானதன்று. வேறுபாடும் உண்டு. சிறைப்புறக் கூற்றில் பேசுவோர் தலைவன் கேட்பதை அறிந்தே பேசுவர். ஆன் அதை உறுதியாக அறியார். எழுதுகோல் கீழே விழும் ஒலியால், அவர் நினைத்ததைவிட வென்ட்வொர்த் அருகிலிருப்பது அப்போதுதான் தெரிகிறது. நேர்க் கேள்விக்கு நேர் விடை என்றிருந்த முதல் வடிவைத் தள்ளி, நண்பருக்குச் சொன்னது காதலரைச் சென்றடையும் வடிவை அவர் தேர்ந்தெடுத்தார். உடல் தளர்ந்திருந்த காலத்தில் மூன்று வாரத்திற்குள் செய்த இம்மாற்றம், சொல்லாக் காதல் ஆஸ்டினிடம் தற்செயலாய் வந்த உளநிலையன்று, தேர்ந்து கைக்கொண்ட கலைநெறி என்பதற்கு வலுவான சான்றாகும்.

எஞ்சியவை

1817 மே 24 அன்று மருத்துவத்திற்காகக் கசாண்ட்ராவோடு வின்செஸ்டர் நகருக்குச் சென்றார். அதற்கு இரண்டு நாள் முன்னர் அவர் எழுதிய நீண்ட கடிதம் ஆன் ஷார்ப்புக்கு. ஜூலை 18 விடியலில் தமக்கையின் மடியில் தலைவைத்தவாறு இறந்தார், வயது 41. பேராலயத்தில் அடக்கம் செய்யப்பட்டார். பெண்கள் இறுதி ஊர்வலத்தில் செல்லும் வழக்கம் இல்லாமையால், சிறு ஊர்வலம் தெருமுனையில் திரும்பி மறையும்வரை கசாண்ட்ரா சன்னலருகே நின்று பார்த்திருந்தார். கல்லறைக் கல்லில் குணநலன்கள் பொறிக்கப்பட்டன. புதினங்களைப் பற்றிய குறிப்பு இல்லை. பெர்சுவேஷன் அவ்வாண்டின் இறுதியில்தான் அச்சாயிற்று.

கசாண்ட்ரா தம் இறப்புக்குச் சில ஆண்டுகள் முன்பு தங்கையின் கடிதங்களுள் பெரும்பகுதியை எரித்தார். எஞ்சியவை ஏறத்தாழ 160. எரிந்தவற்றில் ஓர் ஆடவன் பெயர் இருந்திருக்கும் என்று கருதுவோர் உளர். உடல் நோய், உறவினர்மீது கடுஞ்சொல், பணக்கவலை ஆகியவையே அவற்றில் மிகுந்திருந்திருக்கலாம் என்று கொள்வதற்கும் எஞ்சிய கடிதங்களின் இயல்பு இடந்தருகிறது.

அடக்கம் முடிந்த சில நாள்களில் கசாண்ட்ரா ஆன் ஷார்ப்புக்கு ஒரு சிறு பொதி அனுப்பினார். அதில் தங்கையின் கூந்தற்கற்றை ஒன்றும், அவர் அணிந்திருந்த கொக்கிகள் ஓர் இணையும், இருபது ஆண்டுகளுக்கு மேலாகத் தையலுக்குப் பயன்படுத்திய சிறு துளையூசி ஒன்றும் இருந்தன.